எட்ட நின்று பார்த்தால் தெரியும் அமெரிக்கா

வெளிநாடுகளில் பல இலட்சம் அமெரிக்கர்கள் வாழ்கிறார்கள். சில ஆண்டுகள் கழிந்ததும், அவர்களில் பலர் தாய்நாட்டைப் பற்றிப் பேசும் பேச்சே மாறிவிடுகிறது. 'உலகமே இப்படித்தான்' என்று அவர்கள் நினைத்திருந்த பலவும் அமெரிக்கர்களே செய்துகொண்ட ஏற்பாடுகள் என்பது வெளியே வந்த பிறகே புரிகிறது.

இதற்கு மால்கம் எக்ஸ் நல்ல சான்று. வெள்ளையர்கள் பிறவியிலேயே தீயவர்கள் என்று பேசிவந்தவர் அவர். 1964இல் ஹஜ்ஜுக்குச் சென்றபோது வெள்ளை நிற ஹாஜிகளுடன் ஒரே தட்டில் உண்டார். நிறவெறி பிறவிக்குணம் அல்ல, அமெரிக்கச் சமூகம் வளர்த்த நோய் என்று உணர்ந்தார். அதே ஆண்டு கெய்ரோவில் கூடிய ஆப்பிரிக்கத் தலைவர்களிடம், அமெரிக்கக் கறுப்பின மக்களின் பிரச்சினையை ஐ.நா.வுக்குக் கொண்டுசெல்லுங்கள் என்று கேட்டார்.

மருத்துவமும் அப்படித்தான். அமெரிக்காவில் உழைக்கும் வயதினரில் பெரும்பாலோருக்குக் காப்பீடு வேலையோடு கட்டப்பட்டிருக்கிறது. வேலை போனால் காப்பீடும் ஆட்டம் காணும். இந்த முறை எப்படி வந்தது? இரண்டாம் உலகப்போர் நடந்த 1942இல் அரசு சம்பள உயர்வுக்குக் கடிவாளம் போட்டது. ஆள் கிடைக்காத முதலாளிகள் காப்பீட்டைக் காட்டி ஆள் சேர்த்தார்கள். பிறகு வரிச்சலுகையும் சேர, அதுவே நிலைத்துவிட்டது. பிரிட்டனில் 1948 முதல் அரசே மருத்துவம் பார்க்கிறது. ஜெர்மனியில் பிரசவத்துக்கு முன் 6 வாரம், பின் 8 வாரம் ஊதியத்துடன் விடுப்பு உண்டு. அமெரிக்காவின் 1993ஆம் ஆண்டுச் சட்டம் தருவதோ ஊதியமில்லாத 12 வாரம். அதுவும் எல்லாத் தொழிலாளருக்கும் இல்லை. இந்த நாடுகளில் குடியேறும் அமெரிக்கர், 'நம் ஊரில் ஏன் முடியவில்லை?' என்று கேட்கத் தொடங்குகிறார்.

ஆனால், தூரம் குறைகளை மட்டும் காட்டுவதில்லை. வளைகுடாவில் பிழைக்கும் நம் குடும்பங்களுக்கு இது நன்றாகத் தெரியும். துபாயில் பிறந்து, அங்கேயே படித்து வளர்ந்த பிள்ளையும் விசா முடிந்தால் பெட்டி கட்ட வேண்டியதுதான். அமெரிக்க மண்ணில் பிறக்கும் குழந்தைக்கோ, சில விதிவிலக்குகள் தவிர, 1868இல் வந்த 14ஆம் சட்டத்திருத்தம் குடியுரிமை தருகிறது. வளைகுடாவில் வாழ்ந்த அமெரிக்கருக்குத்தான் இதன் அருமை முழுமையாகத் தெரியும். அந்த உரிமையைச் சுருக்கத்தான் அதிபர் டிரம்ப் 2025 ஜனவரி 20 அன்று ஆணையிட்டார். கீழமை நீதிமன்றங்கள் அதைத் தடுத்தன.

மனிதர் செய்த குறையை மனிதர் திருத்த முடியும். மனிதர் பெற்ற உரிமையை மனிதர் பறிக்கவும் முடியும். அமெரிக்காவைச் சொர்க்கம் என்பதும் சாத்தான் என்பதும் இரண்டுமே அவசரத் தீர்ப்பு. பிள்ளையை அங்கே அனுப்ப நினைக்கும் பெற்றோர் டாலர் சம்பளத்தோடு காப்பீடு, விடுப்பு, குடியுரிமை ஆகியவற்றையும் விசாரிக்கட்டும். வெளிநாட்டிலிருந்து திரும்பும் நம் பிள்ளைகள் நம் ஊரைப் பற்றிக் கேள்வி கேட்டால், 'பெரிய துரை வந்துட்டார்' என்று வாயை அடைக்காமல் காது கொடுப்போம்.