153 குண்டுகளில் பேசுபவை சிலவே



சென்ற மழைக்காலத்தில் ஒரு தாயார், நீரில் விழுந்து உயிரிழந்த கைப்பேசி ஒன்றைக் கொணர்ந்தார். மறைந்த கணவரின் நிழற்படங்கள் யாவும் அதனுள் இருந்தன. “சில்லைக் கழற்றிப் படங்களை எடுத்துத் தருவதாக ஒருவர் சொல்கிறார், கொடுக்கலாமா, சாமி?” என்றார்.

இ.எம்.எம்.சி. எனும் அச்சில்லு பெரும்பாலும் 11.5 மில்லிமீட்டருக்கு 13 மில்லிமீட்டர் அளவினது. அதற்குக் கால்கள் இல்லை. அடிப்புறத்தில் அரை மில்லிமீட்டர் இடைவெளியில் 153 உலோகக் குண்டுகள் உள்ளன. வரிசைக்கு ஆங்கில எழுத்தும் நிரலுக்கு எண்ணும் இட்டு அவற்றைக் குறிப்பர். (ஐ, ஓ எனும் எழுத்துக்களை விட்டுவிடுவர், ஒன்றோடும் பூச்சியத்தோடும் மயங்குமன்றோ!)

இவற்றுள் பெரும்பாலானவை எதனோடும் இணையாது, சில்லைப் பலகையில் தாங்கி நிற்பவையே. எம்5 கட்டளை செல்லும் வழி, எம்6 காலத்துடிப்பு, ஏ3 முதல் தரவு வழி. தரவு வழிகள் எட்டாயினும், மின்சாரம் பெற்று விழிக்கும்போது சில்லு ஏ3 ஒன்றையே பயன்படுத்தும். ஆகவே இம்மூன்றும், மின்னூட்டமும், தரையிணைப்பும் கிட்டினால் படித்துவிடலாம். பலகையில் அவ்வழிகள் வெளிப்படும் இடம் தெரிந்தால், சில்லைக் கழற்றாமலே மெல்லிய கம்பி பற்றவைத்துப் படிப்பாரும் உளர்.

ஆபத்து மின்னூட்டத்தில்தான். நினைவகத்துக்கு ஏறத்தாழ 3.3 வோல்ட்டு, கட்டுப்படுத்தும் பகுதிக்கும் தரவு வழிகளுக்கும் தனி ஊட்டம், அது 1.8 ஆகவும் இருக்கலாம், 3.3 ஆகவும் இருக்கலாம். சி2 குண்டும் மின்னூட்ட முனைபோல் தோன்றும். ஆனால் அது உள்ளழுத்தத்தைச் சீராக்கும் சிறு மின்தேக்கிக்கு மட்டுமே உரியது. வெளியிலிருந்து அதற்கு மின்சாரம் தரலாகாது. மற்றொன்று: வரைபடம் வழக்கமாகச் சில்லை மேலிருந்து நோக்கி வரையப்படுவது. கழற்றிக் கவிழ்த்ததும் இடம் வலமாகிவிடும். இதை மறந்தவர் கையில் சில்லு பிழைப்பது அரிது.

நிற்க. பிந்திய கைப்பேசிகள் பலவற்றில் யூ.எஃப்.எஸ். எனும் வேறுவகைச் சில்லு உள்ளது. உருவம் ஒத்திருப்பினும் இவ்வரைபடம் அதற்குப் பொருந்தாது. மேலும், 2019இல் வெளிவந்த ஆண்ட்ராய்டு 10உடன் விற்பனைக்கு வந்த கைப்பேசிகள் யாவும் தரவை மறைகுறியாக்கியே சேமிக்கின்றன. அதற்குரிய திறவுகோல் கைப்பேசியின் செயலியோடு பிணைந்திருப்பதால், சில்லை மட்டும் படித்துப் பயனில்லை.

அத்தாயாரின் கைப்பேசி 2014ஆம் ஆண்டினது, மறைகுறியாக்கமும் இல்லை. “எத்தனை வோல்ட்டு கொடுப்பீர்கள், வரைபடம் எப்பக்கத்துப் பார்வை என்று அவரிடம் கேளுங்கள் அம்மா, தயங்காமல் விடை சொன்னால் கொடுங்கள்” என்று சொல்லி அனுப்பினேன்.