கெமரா யார் கையில்?

தேயிலைப் பெட்டிகளில் நமது பெண்கள் சிரிக்கிறார்கள். கூடையும் கொழுந்தும் தெரிகின்றன. அட்டை கடித்த காலும் ஒழுகும் லயத்துக் கூரையும் தெரிவதில்லை. படம் எடுத்தவர் வேறு ஆள். எதைக் காட்டுவது என்று தீர்மானித்தவரும் நாமல்ல. இதை நாம் பெரிதாக எடுத்ததே இல்லை. பிரேசில் நாட்டின் முண்டுருக்கு பெண்களைப் பற்றி அறிந்தபோதுதான் நமக்கு உறைத்தது.

அமேசன் காட்டில், தப்பஜோஸ் ஆற்றங்கரையில் வாழும் பழங்குடி மக்கள் இவர்கள். சவ்ரே முய்பு என்ற இவர்களது பகுதி சுமார் 1,78,000 ஹெக்டேயர். தலைமுறை தலைமுறையாக வாழ்ந்தும், காணி தமது என்று காட்ட அரசாங்கக் கடதாசி இருக்கவில்லை. (இந்தக் கதை நமக்குப் புதிதா என்ன?) அந்த ஆற்றில் 8,040 மெகாவாட் அணை கட்டத் திட்டமிருந்தது. காணி பழங்குடிகளுடையது என்று ஒப்புக்கொண்டால், அவர்களை அங்கிருந்து எழுப்ப அந்நாட்டு அரசியலமைப்பு இலகுவில் இடம் கொடாது. ஆகவே எல்லை அறிக்கையை வெளியிடாமல் இழுத்தடித்தார்கள்.

2014 இல் மக்கள் தாங்களே காட்டுக்குள் இறங்கி, எல்லைப் பாதை வெட்டிப் பலகை நட்டார்கள். இப்படியான எல்லை நடைகளில் இளம் பெண்கள் கெமராவோடு போனார்கள். தமது புனித இடமான டாஜெ கபப் எய்பியின் பெயரிலேயே ஒரு படக்குழு அமைத்தார்கள். களவாக வெட்டிய மரங்கள், தங்கம் தோண்டிக் கலங்கிய ஆறு, பெரியவர்கள் சொல்லும் பழங்கதைகள் எல்லாவற்றையும் பதிவு செய்தார்கள்.

அணைத் திட்டத்துக்கான அனுமதிக் கோரிக்கையை 2016 இல் அரசாங்கம் மூடி வைத்தது. 2024 செப்டெம்பரில் நீதி அமைச்சு சவ்ரே முய்புவை அவர்களது நிலமாக அறிவித்தது. படம் எடுத்ததால் மட்டும் இது கிடைத்தது என்று யாராவது சொன்னால் நம்ப வேண்டாம், தோழர்களே. 2013 இல் பெலோ மொண்டே அணை வேலைத்தளத்துக்குள் புகுந்து வேலையை நிறுத்தியவர்களில் முண்டுருக்கு மக்களும் இருந்தார்கள். கூட்டமாக நின்றவர்கள் கையில் இருந்ததால்தான் கெமராவுக்குப் பலம் வந்தது.

சண்டை முடியவும் இல்லை. தங்கம் பிரிக்கப் பாவிக்கும் பாதரசம் ஆற்றில் கலந்து, மீனில் ஏறி, மனிதருக்குள் போகிறது. அங்குள்ள மூன்று கிராமங்களில் 200 பேரைச் சோதித்து 2020 இல் வெளியிட்ட ஆய்வில் எல்லோர் உடம்பிலும் பாதரசம் இருந்தது. பத்தில் ஆறு பேருக்குப் பாதுகாப்பான அளவை விட அதிகம். கலங்கிய தண்ணீரைப் படத்தில் காட்டலாம், பாதரசத்தை எப்படிக் காட்டுவது? அந்தப் பெண்கள் மீன் கழுவும் கைகளையும் சாப்பிடும் பிள்ளைகளையும் காட்டினால் போதும், பார்ப்பவருக்கு விளங்கும் என்று நினைக்கிறோம்.

நம் லயங்களிலும் இன்று போன் இல்லாத வீடு குறைவு. திருவிழாவும் கல்யாணமும் அதில் நிறைய இருக்கின்றன. கொழுந்து நிறுக்கும்போது எத்தனை கிலோ வெட்டுகிறார்கள் என்பது ஒன்றிலும் இல்லை. அடுத்த மாதர் சங்கக் கூட்டத்தில் இதைப் பற்றி அக்காமார் பேச வேண்டும். தராசுக்குப் பக்கத்தில் யார் நிற்பது, அவருக்குப் பின்னால் எத்தனை பேர் நிற்பது என்று அங்கேயே முடிவெடுப்போம்.