எண்ணூர் எண்ணெய்க் கசிவு 20 டன்னா, 196 டன்னா? விக்கிப்பீடியாவில் எதை எழுதணும்?

2017 ஜனவரி 28 அதிகாலை. எண்ணூர் காமராஜர் துறைமுகத்துக்கு வெளியே பி.டபிள்யூ. மேப்பிள், டான் காஞ்சிபுரம் என்ற இரண்டு கப்பல்கள் மோதிக்கொண்டன. எண்ணெய் மாசு எதுவும் இல்லை என்றுதான் துறைமுகம் முதலில் அறிவித்தது. சில நாள்களிலேயே கரை கறுத்துப்போனது. வாளியில் எண்ணெயை அள்ளிய காட்சிகளை டிவியில் பார்த்திருப்பீங்க.

எவ்வளவு கொட்டியது? மத்திய அரசு முதலில் சொன்னது சுமார் 20 டன். பின்னர் வந்த ஆய்வுக் கட்டுரையில் 196.4 டன். கிட்டத்தட்ட பத்து மடங்கு!

சரி, விக்கிப்பீடியாவில் யார் வேண்டுமானாலும் திருத்தலாம். அங்கே எந்த எண்ணைப் போடுவது? '20 முதல் 196 டன் வரை' என்று எழுதினால் நடுநிலை மாதிரி தெரியும். ஆனா அது தப்பான படம். ஒரே நேரத்தில் இரண்டு பேர் அளந்து முரண்பட்டதாக அர்த்தம் வந்துவிடும். நடந்தது வேறு: நாள் போகப்போகக் கணக்கு ஏறியது. அதனால் ஒவ்வொரு எண்ணுக்குப் பக்கத்திலும் சொன்னவர் யார், எப்போது சொன்னார் என்பது வேண்டும். ஜவ்வாது மலையில் செல்போனில் படிக்கிற ஒரு மாணவருக்கு எண்ணூர் கடற்கரையைப் போய்ப் பார்க்கும் வாய்ப்பு இல்லை. அந்தப் பக்கத்தில் இருப்பதுதான் அவருக்கு நடந்த சம்பவம்.

அமெரிக்காவிலும் இதே குழப்பம்

2010 மெக்சிகோ வளைகுடா விபத்தில் நாளுக்கு 1,000 பேரல் என்று தொடங்கிய கணக்கு, கடைசியில் மொத்தம் 49 லட்சம் பேரலில் நின்றது. அபராத வழக்கில் 2015-ல் நீதிமன்றம் எடுத்துக்கொண்டதோ 31.9 லட்சம். கிணற்றிலிருந்து வந்ததை 40 லட்சம் என்று முடிவு செய்து, கடலில் கலக்காமல் பிடித்த எண்ணெயைக் கழித்துவிட்டது. எதை அளந்தார்கள் என்று சொல்லாத எண்ணால் வாசகருக்குப் பயனில்லை.

'பொய் சொன்னார்கள்' என்று எழுதலாமா?

கூடாது. துறைமுகம் என்ன அறிவித்தது, கரையில் என்ன ஒதுங்கியது என்பதை தேதியோடு அடுத்தடுத்து வைத்தால் போதும். வாசகருக்குப் புரியும். அதேபோல, இரு தரப்புக்கும் சரிபாதி இடம் கொடுப்பதும் நடுநிலை ஆகாது. நம்பகமான ஆதாரம் எந்தப் பக்கம் கனமாக இருக்கிறதோ, அதற்கேற்ற இடம் என்பதுதான் விக்கிப்பீடியா விதி.

2023 டிசம்பர் மிக்ஜாம் வெள்ளத்தில் எண்ணூர் கழிமுகத்தில் எண்ணெய் பரவியது தனிச் சம்பவம். அதையும் 2017-ஐயும் ஒன்றாகக் குழப்பக் கூடாது. எங்கள் குழாயில் கசிவு இல்லை என்றது மணலி சி.பி.சி.எல். நிறுவனம். ஆலை வளாகத்திலிருந்து வெள்ளநீரோடு எண்ணெய் வெளியேறியதாகச் சொன்னது மாசுக் கட்டுப்பாட்டு வாரியம். 'குழாய்க் கசிவு', 'வளாகத்திலிருந்து வெளியேறியது' இரண்டும் ஒன்றல்ல. இங்கே ஒரு சொல்லை மாற்றினால் பொறுப்பே இடம் மாறிவிடும்.

விட்டுப்போவதும் ஒரு சார்புதான். கப்பலின் கொடி, டன் கணக்கு என்று பத்தி பத்தியாக எழுதுகிறோம். எண்ணெய் படிந்த வலைக்கு ஒரு வரி இல்லையென்றால் எப்படி? 2023-ல் 2,301 மீனவக் குடும்பங்களுக்குத் தலா 12,500 ரூபாயும், 787 படகுகளுக்குத் தலா 10,000 ரூபாயும் தமிழக அரசு அறிவித்தது. இந்த விவரமும் பக்கத்தின் மேல்பகுதியிலேயே வரணும்.