முதலில் நாடு, பிறகு காதலா?

குர்து மக்கள் என்றதும் மலையும் துப்பாக்கியும்தான் நம் கண்முன் வந்து நிற்கின்றன. துருக்கி, ஈராக், ஈரான், சிரியா என்று நான்கு நாடுகளில் பங்கிடப்பட்டு, மூன்று கோடிக்குக் குறையாமல் இருந்தும் தனக்கென ஒரு நாடு இல்லாத இனம் அது. ஆனால் அந்த இனத்தின் வாலிபர்களும் இளம்பெண்களும் இன்று இன்னொரு போராட்டமும் நடத்துகிறார்கள். யாரை மணப்பது என்பதைத் தாமே முடிவு செய்யும் உரிமைக்கான போராட்டம்.

இத்தனைக்கும் காதலைப் பாடாத இனமல்ல அது. 17ஆம் நூற்றாண்டில் அகமதே கானி எழுதிய ‘மெம் உ ஸீன்’ காவியமே, ஒன்றுசேராமல் மாண்ட இருவரின் கதைதான். நவ்ரோஸ் புத்தாண்டிலும் கல்யாணத்திலும் ஆணும் பெண்ணும் கைகோத்து வரிசையாக ஆடுவார்கள். கைகோத்தவள் வீட்டில் போய்ப் பெண் கேட்டால்தான் வம்பு! குலம் பார்ப்பார்கள். சிற்றப்பன் மகன் இருக்கும்போது அசலானுக்கா கொடுப்பது என்பார்கள். (நமக்கு அண்ணன் தம்பி முறை, அங்கே அவன்தான் முறைமாப்பிள்ளை.) ‘ஜின் ப ஜின்’ என்றொரு வழக்கம், அதாவது பெண் கொடுத்துப் பெண் எடுப்பது. அண்ணனுக்கு மனைவி வரவேண்டும் என்பதற்காகத் தங்கை எதிர்வீட்டுக்குப் போகிறாள். ஒரு ஜோடி பிரிந்தால் மற்ற ஜோடியையும் பிரித்துவிடுவதுண்டு.

இதைப் பேசினால், “முதலில் நாடு கிடைக்கட்டும், வீட்டு விவகாரத்தைப் பிறகு பார்க்கலாம்” என்று சொல்லும் பெரியவர்கள் அங்கும் உண்டு. இந்த வாதம் எனக்கு ஒப்பவில்லை. 2007 ஏப்ரலில் வட ஈராக்கின் பஷீக்கா என்ற ஊரில், குர்துகளோடு சேர்த்து எண்ணப்படும் யசீதி சமயத்தின் 17 வயதுப் பெண்ணை, முஸ்லிம் இளைஞனை விரும்பினாள் என்று சொல்லிக் கூட்டம் கூடிக் கல்லால் அடித்துக் கொன்றார்கள். சொந்த உறவினர்களும் அதில் இருந்தார்கள். அதே மாதம், பழிக்குப் பழி என்று, மொசூலில் ஆலை வேலை முடிந்து பஸ்ஸில் திரும்பிய யசீதித் தொழிலாளர்கள் 23 பேரை இறக்கிச் சுட்டுக் கொன்றார்கள். அந்தத் தொழிலாளிகள் செய்த பாவம் என்ன? வீட்டு விவகாரம் என்று ஒதுக்கியது எங்கே வந்து முடிந்தது, பாருங்கள்!

குர்துப் பெண்கள் வாயை மூடிக்கொண்டு இருக்கவில்லை. மானத்துக்காகக் கொன்றேன் என்பவனுக்குத் தண்டனையைக் குறைக்கும் சலுகை 2000இல் சுலைமானியாவிலும் 2002இல் எர்பிலிலும் ஒழிந்தது. 2011இல் ஈராக் குர்திஸ்தான் பாராளுமன்றம் கட்டாயக் கல்யாணத்தையும் பெண் மாற்றுக் கல்யாணத்தையும் குற்றமாக்கியது. சட்டம் வந்துவிட்டது; கொலைதான் நின்றபாடில்லை. 2022 செப்டம்பரில் ஈரானில் போலீஸ் காவலில் இருந்தபோது விழுந்து, பிறகு இறந்துபோன குர்துப் பெண் ஜினா மஹ்சா அமினியை சக்கேஸ் ஊரில் அடக்கம் செய்தபோது, ‘ஜின், ஜியான், ஆசாதி’ என்று கோஷம் எழுந்தது. பெண், வாழ்வு, விடுதலை. பெண்ணை முதலில் வைத்தார்கள், தோழர்களே! அந்தப் பெரியவர்களுக்கு அதுவே பதில்.

காதலுக்கு அப்பன் மட்டுமா குறுக்கே நிற்கிறான்? காசும் நிற்கிறது. அங்கே மாப்பிள்ளை வீட்டார்தான் பெண்ணுக்குத் தங்கம் போடவேண்டும். மிஸ்கால் கணக்கில் பேசுவார்கள். ஈராக்கில் ஒரு மிஸ்கால் 5 கிராம். 2014 முதல் பாக்தாதுக்கும் எர்பிலுக்கும் இடையே எண்ணெய், பட்ஜெட் தகராறு. அதனால் குர்திஸ்தானில் ஆசிரியருக்கும் குமாஸ்தாவுக்கும் சம்பளம் பலமுறை தவறியும் குறைந்தும் வந்திருக்கிறது. சம்பளப் பில் எழுதுகிறவன் நான். சம்பளம் தள்ளினால் வீட்டில் முதலில் தள்ளிப்போவது கல்யாணம்தான் என்பது எனக்குத் தெரியும். பிறகு வெளிநாடு போகத் துணிகிறார்கள். 2021 நவம்பரில் பிரான்சிலிருந்து இங்கிலாந்துக்குப் புறப்பட்ட ரப்பர் படகு மூழ்கி 27 பேராவது இறந்தார்கள்; பெரும்பாலோர் ஈராக் குர்துகள். பிரிட்டனில் இருந்த, தனக்கு நிச்சயித்த மாப்பிள்ளையிடம் போய்ச் சேரப் புறப்பட்ட பெண்ணும் அவர்களில் ஒருத்தி.

ஊரைவிட்டு வந்தவர்களுக்குத் தளை அறுந்துவிடுகிறது என்றும் எண்ணவேண்டாம். ஸ்வீடனில் உப்சாலா நகரில் 2002 ஜனவரியில், தன் துணையைத் தானே தேர்ந்த குர்து மாணவியைப் பெற்ற தகப்பனே சுட்டுக் கொன்றான். இரண்டு மாதம் முன்புதான் அவள் ஸ்வீடன் பாராளுமன்றத்தில் பேசியிருந்தாள். தன் பெற்றோர் அந்த நாட்டோடு கலந்து வாழ முன்பே கைகொடுத்திருந்தால் இந்த நிலை வராமல் இருந்திருக்கலாம் என்ற பொருளில் பேசினாள்.

சங்க வேலை செய்கிறவனுக்கு இந்தப் பேச்சு உறைக்கிறது. ரேஷன் கார்டுக்கும் பள்ளிக்கூட இடத்துக்கும் நாம் அலைகிறோம். மகள் யாரையோ விரும்புகிறாள் என்று கேள்விப்பட்டு இடிந்துபோய் உட்கார்ந்திருக்கும் அப்பன் வீட்டுக்கு நம்மில் யார் போகிறோம்? அடுத்த மாதக் கூட்டத்தில் இதைப் பேச ஒரு மணி நேரம் கேட்டிருக்கிறேன். பெண்களும் வரவேண்டும்.