மேன்முறையீட்டுக்கும் எல்லை வேண்டும்

வங்குரோத்து நிலையை அடைந்த கம்பனியொன்று தொடர்பில் நீதிமன்றம் அளிக்கும் முடிவை எவ்வளவு காலத்துக்குக் கேள்விக்குட்படுத்த முடியும் என்ற வினாவை, இந்தியாவின் பூஷண் பவர் அன்ட் ஸ்டீல் உருக்கு நிறுவனத்தின் வழக்கு மீண்டும் முன்னிறுத்தியிருக்கிறது.

2017 ஜூலையில் வங்குரோத்து நடவடிக்கைக்கு உட்படுத்தப்பட்ட இந்நிறுவனத்தைப் பொறுப்பேற்பதற்கு ஜே.எஸ்.டபிள்யூ. ஸ்டீல் முன்வைத்த திட்டத்தை, கம்பனிச் சட்ட நியாயசபை 2019 செப்டெம்பரிலும் அதன் மேன்முறையீட்டு நியாயசபை 2020 பெப்ரவரியிலும் அங்கீகரித்தன. 2021 மார்ச்சில் வங்கிகளுக்குச் சுமார் 19,350 கோடி இந்திய ரூபா செலுத்தப்பட்டு நிறுவனம் கைமாறியது. எனினும், நான்கு ஆண்டுகள் கடந்த பின்னர், 2025 மே 2 இல் இந்திய உச்ச நீதிமன்றம் அத்திட்டத்தை நிராகரித்து நிறுவனத்தைக் கலைக்குமாறு உத்தரவிட்டது. ஜூலை 31 இல் அத்தீர்ப்பை மீளப்பெற்ற அதே நீதிமன்றம், செப்டெம்பர் 26 இல் திட்டம் செல்லுபடியாகும் எனத் தீர்ப்பளித்தது.

இத்தகைய இழுபறியைத் தவிர்ப்பதற்காகவே 2016 ஆம் ஆண்டின் வங்குரோத்துச் சட்டக்கோவை மேன்முறையீட்டுக்குக் கடுமையான வரம்புகளை விதித்தது. முப்பது நாட்களுக்குள் மேன்முறையீடு செய்யவேண்டும். தக்க காரணம் இருப்பின் மேலும் பதினைந்து நாட்கள் மட்டுமே வழங்கப்படலாம். திட்டமொன்று சட்டத்துக்கு முரணானது என்பன போன்ற ஒருசில காரணங்களுக்காக மாத்திரமே அதனை எதிர்க்க முடியும். உச்ச நீதிமன்றத்தை நாடுவதாயின் சட்டப் பிரச்சினை ஒன்று இருத்தல் அவசியம். கடன்கொடுத்தோர் குழுவின் வர்த்தக ரீதியான தீர்மானம் சரியா, தவறா என்பதை நீதிமன்றங்கள் ஆராய முடியாது என 2019 இல் உச்ச நீதிமன்றமே தெளிவுபடுத்தியது.

இந்த வரம்புகள் நியாயமற்றவை எனக் கூறிவிட முடியாது. ஆலையொன்று நீதிமன்றப் படிகளில் காத்திருக்கும் ஒவ்வொரு மாதமும் அதன் பெறுமதி தேய்கிறது. தொழிலாளரின் வாழ்வாதாரம் கேள்விக்குறியாகிறது. தமது கட்டுப்பாட்டை இழந்த முன்னாள் உரிமையாளர்கள் மேன்முறையீட்டை இழுத்தடிப்புக்கான ஆயுதமாக்கவும் கூடும்.

ஆனால், நாணயத்துக்கு மறுபக்கமும் உண்டு. கடன்கொடுத்தோர் குழுவில் 66 சதவீத வாக்குகளால் திட்டம் நிறைவேறுகிறது. அக்குழுவில் வாக்குரிமை பெறுவோர் பெரும்பாலும் வங்கிகளே. பொருட்களை வழங்கிவிட்டுப் பணத்துக்காகக் காத்திருக்கும் சிறு வர்த்தகருக்கு அங்கு வாக்கில்லை. நிறுவனம் கலைக்கப்பட்டால் கிடைக்கக்கூடிய தொகையேனும் அவருக்கு உறுதி செய்யப்பட்டுள்ளபோதிலும், வங்கிகளின் பிணைக் கடன்கள் தீர்ந்த பின்னர் எஞ்சுவது அநேகமாகப் பூச்சியமே. குழுவில் குரலற்றவருக்கு மேன்முறையீடே எஞ்சியுள்ள ஒரே வாசல். அது மேலும் குறுகினால் பாதிக்கப்படப்போவது பெருமுதலாளிகளல்ல.

இங்கு கவனிக்கவேண்டிய முரண்பாடொன்று உள்ளது. மேன்முறையீட்டாளர் 45 நாட்களுக்கு ஒரு நாள் பிந்தினாலும் கதவு மூடப்படுகிறது. ஆனால், 2020 பெப்ரவரியில் நியாயசபை வழங்கிய தீர்ப்பு இறுதி முடிவைக் காண்பதற்கு ஐந்தரை ஆண்டுகளுக்கு மேல் சென்றன. காலவரையறை வழக்காடுபவரை மட்டும் கட்டுப்படுத்தி, தீர்ப்பளிப்போரைக் கட்டுப்படுத்தாதுவிடின், சட்டம் எதிர்பார்த்த விரைவு ஏட்டளவிலேயே இருக்கும்.

எனவே, மேன்முறையீட்டு உரிமையை மேலும் சுருக்குவது இதற்குப் பரிகாரமாகாது. செய்யப்படும் மேன்முறையீடுகளைக் குறித்த காலத்துக்குள் விசாரித்து முடிப்பதற்குப் போதிய நீதிபதிகளையும் வசதிகளையும் வழங்குவதே உரிய வழியாகும். தாமதித்து வழங்கப்படும் நீதி சிறு கடன்கொடுத்தோருக்கும் உதவாது. புதிதாக முதலிட வருவோருக்கும் நம்பிக்கையளிக்காது.