கைக்கு அறிவில்லை என்று சொன்னது யார்?



“சொன்னதைச் செய். யோசிக்க உனக்குச் சம்பளம் இல்லை!”

இந்த வார்த்தையைக் கேட்காத ஆலைத் தொழிலாளி உண்டா? வயலில் இறங்கிய கூலியாள் உண்டா? மேஸ்திரி சொல்கிறான். பண்ணைக் காரியக்காரன் சொல்கிறான். கேட்டுக் கேட்டு, நம் ஆட்களே வேறு விதமாக அதைச் சொல்லத் தொடங்கிவிட்டார்கள். “நான் கைநாட்டு. எனக்கு என்ன தெரியும்? படித்தவர்கள் பார்த்துச் சொல்லட்டும்!”

முதல் வார்த்தை அவமானம். இரண்டாவது வார்த்தை அதைவிட ஆபத்து. அடித்தவன் கையிலிருந்து கோலை வாங்கி நம்மை நாமே அடித்துக்கொள்வது அது.

இரண்டுக்கும் அடியில் கிடப்பது ஒரே சித்தாந்தம்தான். மூளை வேறு, உடம்பு வேறு. மூளை எஜமான், உடம்பு வேலைக்காரன். மூளை உள்ளவன் உத்தரவு போடுவான், உடம்பு மட்டும் உள்ளவன் சுமப்பான். இந்தச் சித்தாந்தம் பொய். நமக்குப் பிடிக்கவில்லை என்பதற்காகப் பொய் என்று சொல்லவில்லை. விஞ்ஞானம் பரீட்சித்துப் பார்த்துத் தூக்கியெறிந்த பொய் இது. எப்படி என்று பார்ப்போம்.

“மாடு” கட்டிய வீடு

அமெரிக்காவில் பிரடெரிக் டெய்லர் என்று ஒரு இன்ஜினீயர் இருந்தார். தொழிலாளியின் பக்கத்தில் கடிகாரத்தோடு ஆளை நிறுத்தி, ஒவ்வொரு அசைவுக்கும் எத்தனை வினாடி என்று கணக்கெடுக்க வைத்தவர் அவர். 1911ல் அவர் வெளியிட்ட புத்தகம் உலகம் பூராவும் முதலாளிகளுக்கு வேதபுத்தகம் ஆயிற்று.

அதில் ஒரு கதை வருகிறது. பெத்லஹேம் உருக்காலையில் வார்ப்பிரும்புக் கட்டிகளைத் தூக்கி ரயில் வண்டியில் ஏற்றும் தொழிலாளி ஒருவர். ஒரு கட்டி 92 பவுண்டு. நாளொன்றுக்கு 12½ டன் ஏற்றிக்கொண்டிருந்த அவரை 47½ டன் ஏற்ற வைத்ததாக டெய்லர் பெருமையடித்துக்கொள்கிறார். கூலி எவ்வளவு உயர்ந்தது? 1 டாலர் 15 சென்டிலிருந்து 1 டாலர் 85 சென்டுக்கு! சுமை ஏறத்தாழ நான்கு மடங்கு. கூலி உயர்வோ சுமார் 60 சதவீதம்.

இந்த வேலைக்கு ஏற்றவன் எப்படிப்பட்டவன்? மந்தபுத்திக்காரனாக, மனப்பாங்கில் மாட்டுக்குச் சமமாக இருக்க வேண்டும் என்று டெய்லர் எழுதினார். யோசிக்கிற வேலையெல்லாம் பட்டறையிலிருந்து பிடுங்கப்பட்டு ஆபீசுக்குப் போக வேண்டும் என்பது அவர் கொள்கை.

ஆனால் அதே புத்தகத்தில், அதே தொழிலாளியைப் பற்றி அவரே இன்னொரு விஷயத்தையும் எழுதி வைத்திருக்கிறார். அந்த மனிதர் சிறுகச் சிறுகச் சேர்த்து ஒரு துண்டு நிலம் வாங்கியிருந்தாராம். காலையில் வேலைக்கு வருமுன்னும், மாலையில் வேலை விட்டுப் போன பின்னும், தன் கையாலேயே தன் வீட்டுக்குச் சுவர் எழுப்பிக்கொண்டிருந்தாராம்!

மாடு வீடு கட்டுமா, தோழர்களே? மனை வாங்குமா? மட்டம் பார்த்துச் சுவர் வைக்குமா? கண்ணெதிரே கட்டப்பட்ட வீடு டெய்லரின் கண்ணில் பட்டது, கருத்தில் படவில்லை. கைக்கு அறிவில்லை என்று முன்கூட்டியே முடிவு செய்தவனுக்குக் கையின் அறிவு எப்படித் தெரியும்?

எஜமான் தத்துவம்

இந்தக் குருட்டுத்தனம் டெய்லரோடு பிறந்ததல்ல. பிரெஞ்சு தத்துவஞானி டேக்கார்ட் 1641ல் வெளியிட்ட நூலில், சிந்திக்கும் மனம் ஒரு பொருள், இடத்தை அடைத்து நிற்கும் உடம்பு வேறொரு பொருள் என்று இரண்டாகப் பிரித்தார். 1643ல் பொஹீமியா நாட்டு இளவரசி எலிசபெத் அவருக்கு ஒரு கடிதம் எழுதினாள். இடத்தை அடைக்காத மனம் உடம்பை எப்படி அசைக்கும் என்று கேட்டாள். தள்ளுவதற்கும் தொட வேண்டுமே! டேக்கார்ட் மேலும் மேலும் கடிதம் எழுதினார். அவளுக்குத் திருப்தியான பதில் கிடைக்கவில்லை.

முதலாளிகளுக்கு உதவ வேண்டும் என்று டேக்கார்ட் எழுதினார் என நாம் சொல்லவில்லை. ஆனால் உழைக்காமல் உண்கிற வர்க்கத்துக்கு இந்தப் பிரிவினை எவ்வளவு வசதி! மனம் மேலே, உடம்பு கீழே. ஆண்டை மேலே, அடிமை கீழே.

முதலில் கை, பிறகு மூளை

மனிதன் எப்படி மனிதனானான்? மூளை முதலில் பெருத்ததா? நிமிர்ந்த நடையும் கையின் வேலையும் முதலில் வந்தனவா?

1876ல் ஏங்கெல்ஸ் இதற்குப் பதில் எழுதினார். நிமிர்ந்து நடந்தபோது கை விடுதலை அடைந்தது. விடுதலை பெற்ற கை உழைத்தது. உழைப்பு கையை மட்டுமல்ல, மூளையையும் வளர்த்தது. இதுதான் அவர் சொன்ன வரிசை.

பிரபுக் குடும்பத்து மேதைகள் இதைக் கேட்பார்களா? 1912ல் இங்கிலாந்தில், பில்ட்டவுன் என்ற இடத்தில் ஆதிமனிதனின் எலும்பு கிடைத்ததாக அறிவித்தார்கள். மண்டை மனிதனுடையதைப் போல் பெரியது, தாடை குரங்கினுடையது! பார்த்தீர்களா, மூளைதான் முதலில் வளர்ந்தது என்று பெரிய பெரிய பண்டிதர்கள் பூரித்துப் போனார்கள். 1953ல் குட்டு உடைந்தது. மண்டை மனித மண்டை. தாடை உராங்குட்டான் குரங்கின் தாடை. பல்லை அரத்தால் ராவி, எலும்புக்குச் சாயம் ஏற்றி யாரோ செய்த மோசடி! 41 ஆண்டு அது நின்றதற்கு ஒரு முக்கியக் காரணம், அவர்கள் நம்ப விரும்பியதை அது சொன்னதுதான்.

உண்மை எலும்புகள் சொன்ன கதை வேறு. 1974ல் எத்தியோப்பியாவில் ஒரு பெண்ணின் எலும்புகள் கிடைத்தன. லூசி என்று பெயர் வைத்தார்கள். வயது சுமார் 32 லட்சம் ஆண்டு. அவள் இனத்தார் நிமிர்ந்து நடந்தார்கள். ஆனால் அவர்கள் மூளை நம் மூளையில் சுமார் மூன்றில் ஒரு பங்குதான்! கென்யாவில் கிடைத்து 2015ல் அறிவிக்கப்பட்ட கல் கருவிகளின் வயது 33 லட்சம் ஆண்டு. அதாவது பெரிய மூளை வருவதற்கு வெகுகாலம் முன்பே கால் நிமிர்ந்துவிட்டது, கை கல்லை உடைத்துவிட்டது. உணவும் கூட்டு வாழ்க்கையும் சேர்ந்து பின்னால்தான் மூளையைப் பெருக்கின. எஜமான் என்று சொல்லிக்கொள்ளும் மூளை, கடைசியில் வந்த பிள்ளை!

நடந்த பூனை, சவாரி செய்த பூனை

இது பழங்கதை, இன்றைக்கு என்ன என்று கேட்பீர்கள். இதோ இன்னொரு பரீட்சை.

1963ல் ஹெல்டு, ஹைன் என்ற இரண்டு அமெரிக்க விஞ்ஞானிகள் இருட்டில் வளர்த்த பூனைக்குட்டிகளை இரண்டிரண்டாக எடுத்துக்கொண்டார்கள். குடைராட்டினம் போல் ஒரு அமைப்பு. ஒரு முனையில் ஒரு குட்டி தன் காலால் நடந்து அதைச் சுற்றியது. மறுமுனையில் இன்னொரு குட்டி தொட்டிலில் உட்கார்ந்து சவாரி செய்தது. இரண்டு குட்டியின் கண்ணிலும் பட்டது ஒரே காட்சிதான். அதே சுவர், அதே கோடுகள், அதே நேரம்.

பிறகு சோதித்தார்கள். நடந்த குட்டி பள்ளத்தைக் கண்டு ஒதுங்கியது. முகத்துக்கு நேரே ஏதாவது வந்தால் கண்ணைச் சிமிட்டியது. சவாரி செய்த குட்டிக்கு ஆழம் எது, மேடு எது என்று தெரியவில்லை! கண்ணில் குறையில்லை. நடக்காததால் பார்க்கத் தெரியவில்லை.

பல்லக்கில் போகிறவனைப் பற்றி இதைவிடத் தெளிவாக யார் சொல்ல முடியும்?

இன்னொன்றும் கேளுங்கள். சவாரி செய்த குட்டியை வெளிச்சத்தில் தரையில் இறக்கி நடக்க விட்டார்கள். இரண்டு நாளில் அதுவும் பார்க்கக் கற்றுக்கொண்டது. ஆகவே யாரும் பிறவிக் குருடு அல்ல. இறங்கி நடக்க வேண்டும், அவ்வளவுதான்.

நம் பாஷையே சாட்சி

கனடாவில் பென்ஃபீல்டு என்ற டாக்டர், விழித்திருக்கும் நோயாளிகளின் மூளையை லேசான மின்சாரத்தால் தொட்டு, எந்த இடம் எந்த உறுப்புக்கு என்று படம் வரைந்தார். 1937ல் அது வெளிவந்தது. முதுகு முழுவதற்கும் ஒரு சிறு இடம். கைக்கும் உதட்டுக்கும் நாக்குக்கும் பெரிய பெரிய இடம்! வேலை செய்கிற உறுப்புக்கு மூளை நிலம் ஒதுக்கியிருக்கிறது.

நம் பாஷையைப் பாருங்கள். புதிய உண்மையை அறிந்தவன் அதைக் “கண்டுபிடித்தான்”. கண்ணால் கண்டான், கையால் பிடித்தான்! விஷயம் விளங்காவிட்டால் “பிடிபடவில்லை” என்கிறோம். அனுபவத்தில் பலித்த மருந்து “கைகண்ட மருந்து”. நீளத்தை அளக்க விரற்கடை, சாண், முழம். எண்ணுவது பத்துப் பத்தாக, விரல் பத்து என்பதால். பாப்புவா நியூகினியில் ஒக்சாப்மின் மக்கள் ஒரு கைக் கட்டைவிரலில் தொடங்கி, முழங்கை, தோள், காது, மூக்கு வழியாக மறுகைச் சுண்டுவிரல் வரை 27 இடங்களைத் தொட்டு எண்ணினார்கள். உடம்பே அவர்களுக்கு வாய்ப்பாடு!

சேற்றில் கால் வைத்ததும் நடவுக்குப் பதம் வந்ததா என்று சொல்லும் பெண்ணே, நெல்லைப் பல்லால் கடித்து ஈரம் சொல்லும் பெரியவரே, சத்தம் மாறியதை வைத்தே மிஷினில் கோளாறு என்று சொல்லும் தோழரே, அறுந்த இழையை நொடியில் பிணைக்கும் சகோதரியே! உங்களிடம் இருப்பது “வெறும் பழக்கம்” அல்ல. அது அறிவு. காகிதத்தில் இல்லாத அறிவு, அவ்வளவுதான்.

அப்படியானால் படிப்பு வேண்டாமா?

வேண்டும்! நூறு தடவை வேண்டும். உடம்பு பொய்யும் சொல்லும். சூரியன் சுற்றுகிறது என்று கண் சொல்கிறது. பூமி அசையவில்லை என்று கால் சொல்கிறது. 1543ல் கோபர்னிகஸின் நூல் வந்துதான் அந்தப் பொய் கலைந்தது. கையின் அறிவு தன் வயலோடு, தன் மிஷினோடு நின்றுவிடக் கூடாது. மற்றவன் அறிவோடும் புத்தகத்தோடும் அது சேர வேண்டும். கையில்லாத படிப்பு சவாரி செய்த பூனை. படிப்பில்லாத கை வெளிச்சம் காணாத பூனை.

ஒரே அசைவை நாள் பூராவும் செய்ய வைத்துவிட்டு, இதுவும் பயிற்சிதானே என்று சொல்லுகிற கெட்டிக்காரர்களும் வருவார்கள். ஏமாறாதீர்கள். கை கற்பது செய்து பார்த்து, மாற்றிப் பார்த்து, தவறித் திருத்திக்கொள்ளும்போது. அந்த உரிமையைப் பிடுங்குவதுதான் டெய்லர் முறை. அன்று கடிகாரம், இன்று கணினி.

திருடப்படும் சிந்தனை

கடைசியாக, நம் மண்ணில் நடந்த இரண்டு ஆராய்ச்சிகள்.

விழுப்புரம், திருவண்ணாமலை மாவட்டங்களில் 464 கரும்பு விவசாயிகளைச் சோதித்த முடிவு 2013ல் வெளியாயிற்று. அறுவடைக்கு முன், கையில் காசில்லாத நாளில் ஒரு சோதனை. அறுவடை முடிந்து பணம் வந்த பின் அதே ஆளுக்கு இன்னொரு சோதனை. அறிவுச் சோதனையில் முதல் தடவை தேறியது குறைவு, இரண்டாம் தடவை கூடுதல்! அதே மனிதன், அதே மூளை. கடன் கவலை அந்த மூளையைக் கட்டி இழுத்துக்கொண்டிருந்தது என்கிறார்கள் ஆராய்ச்சியாளர்கள். முட்டாளாக இருப்பதால் ஏழையானான் என்று சொல்கிறவர்கள் எங்கே? முன்னுக்கு வந்து பதில் சொல்லட்டும்!

சென்னையில் குறைந்த வருமானக்காரர்களின் தூக்கத்தை அளந்த ஆராய்ச்சி 2021ல் வெளியாயிற்று. படுக்கையில் சுமார் எட்டு மணி நேரம் கிடந்தும் அவர்கள் தூங்கியது ஐந்தரை மணி நேரம் அளவே. புழுக்கம், கொசு, சத்தம்! அரைகுறையான அந்தத் தூக்கத்தை இரவில் சற்று நீட்டியதால் வேலையில் பலன் தெரியவில்லை. ஆனால் வேலை இடத்தில் அமைதியாகப் பகலில் அரைமணி தூங்க விட்டபோது வேலையும் மேம்பட்டது, கவனமும் மனநிலையும் மேம்பட்டன.

இதன் பொருள் என்ன? சிந்தனை ஆகாயத்தில் இல்லை. தூங்கிய உடம்பில், கவலை குறைந்த உடம்பில் இருக்கிறது. ஓய்வைத் திருடுகிறவன் உழைப்பை மட்டும் திருடவில்லை. நம் சிந்தனையையும் திருடுகிறான். திருடிவிட்டு, “உனக்கு மூளையில்லை” என்று திட்டவும் செய்கிறான்!

ஆகவே தோழர்களே, ஓய்வு நேரமும் நியாயமான கூலியும் கேட்பது பிச்சையல்ல. நம் அறிவை நாம் திருப்பிக் கேட்கிறோம்.

நம் சங்கங்களுக்கும் ஒரு வார்த்தை. மேடையில் ஒருவர் பேச, மற்றவர் கைதட்டுவதோடு கூட்டம் முடியக் கூடாது. மிஷின் எங்கே கையைக் கடிக்கிறது, எந்த வேலையில் இடுப்பு ஒடிகிறது, எந்த நேரத்தில் கண் சொருகுகிறது என்பது அங்கே நிற்பவருக்குத் தெரியும். அவரைப் பேச விடுங்கள். எழுத்துத் தெரிந்தவர் எழுதிக்கொள்ளட்டும். கோரிக்கை அங்கிருந்து பிறக்கட்டும்.

“நான் கைநாட்டு, எனக்கு என்ன தெரியும்” என்று இனி யாராவது சொன்னால், அவர் கையைப் பிடித்துச் சொல்லுங்கள்: மனிதனை மனிதனாக்கிய கை இது. இதற்குத் தெரியும்!