கறுப்புத் துணி போட்டால் நிஞ்சாவா?



ஆண்டு மலர் என்றால் காதல் கவிதைக்குப் பஞ்சம் இருக்காது. அதனால் நான் வேறு சங்கதி எழுதுகிறேன்.

ஜப்பானுக்குக் குடும்பத்தோடு சுற்றுலா போகிறவர்கள் இப்போதெல்லாம் கோயிலும் கோட்டையும் பார்த்து, போட்டோ எடுத்துக்கிட்டு மட்டும் திரும்புவதில்லை. அப்பா, அம்மா, பிள்ளைகள் எல்லோரும் நிஞ்சா உடுப்பு மாட்டிக்கொண்டு இரும்பு நட்சத்திரம் எறிகிறார்கள். சாமுராய் மாதிரி இடுப்பில் வாள் செருகிக்கொண்டு, தண்ணீரில் ஊறவைத்த பாய்ச் சுருளை ஒரே வீச்சில் வெட்டிப் பார்க்கிறார்கள். காசு கட்டினால் ஒரு மணி, இரண்டு மணி நேரம் சொல்லிக்கொடுக்க ஆள் இருக்கிறது.

ஹாஸ்டலில் ஒரு ராத்திரி இதைப் பற்றிப் பெரிய வாக்குவாதமே நடந்தது. "இது மாறுவேடப் போட்டிடா, காசு புடுங்குற வேலை" என்றான் ஒருவன். என் கட்சி வேறே. கையால் தொட்டுச் செய்து பார்ப்பது நல்ல விஷயம்தான். ஆனால் அங்கே தொட வேண்டியதை விட்டுவிட்டு, தொடத் தேவையில்லாததைத் தொட்டுவிட்டு வருகிறார்கள். அதுதான் என் குறை. நான் ஜப்பான் போனதில்லை. பாஸ்போர்ட்டே கிடையாது. நூலகத்தில் படித்ததும் செல்போனில் பார்த்ததும்தான் என் மூலதனம். கருத்துச் சொல்ல விசா கேட்பார்களா என்ன!

மியே மாநிலத்தில் இகா என்று ஓர் ஊர். நிஞ்சாக்களின் தாய்வீடு. (பாஷோ 1644-ல் பிறந்ததும் இந்த இகாவில்தான். ஹைக்கூ எழுதும் நம் கவிஞர்கள் கவனிக்க!) அங்கே கோட்டைப் பூங்காவுக்குள் நிஞ்சா அருங்காட்சியகம் இருக்கிறது. பழைய வீடு ஒன்றில் சுவர் சுழன்று ஆள் மறைகிறார். தரைப் பலகையின் ஓரத்தை ஒரு மிதி மிதித்தால் பலகை எழும்பி உள்ளே ஒளித்த கத்தி கைக்கு வருகிறது. வெளியே வந்தால் நட்சத்திரம் எறியலாம், அதற்குத் தனிக் காசு. பக்கத்து ஷிகா மாநிலத்தில் கோகா. அங்கே மோச்சிசுகி குடும்பத்தின் நிஜ வீடே நிற்கிறது. வெளியிலிருந்து பார்த்தால் ஒரு தளம், உள்ளே போனால் மூன்று. இதெல்லாம் பிள்ளைகளுக்குத் திருவிழா. அதை நான் குறை சொல்லவில்லை.

என் சந்தேகம் அந்தக் கறுப்பு உடுப்பு மேலேதான். உளவு பார்க்கப் போகிறவன் "நான் உளவாளி" என்று தெரிகிற மாதிரியா உடுத்துவான்? விவசாயி மாதிரி, சாமியார் மாதிரி, மருந்து விற்கிறவன் மாதிரிப் போவதுதான் அவர்கள் வழக்கம். கறுப்பு உடுப்பு நாடக மேடையிலிருந்து வந்தது என்று சொல்கிறார்கள். கபுகி நாடகத்தில் மேடைச் சாமான் நகர்த்துகிற ஆட்கள் கறுப்பு உடுத்தியிருப்பார்கள், பார்வையாளர்கள் அவர்களைக் 'காணாத' மாதிரியே பார்ப்பார்கள்!

1676-ல் எழுதிய பான்சென்ஷூகாய் என்ற நூல்தான் நிஞ்சா வித்தைக்குப் பெரிய ஆதாரம். அதில் சண்டை மட்டுமா இருக்கிறது? வேஷம் மாற்றுவது, நேரமும் வானிலையும் கணிப்பது, எதிரி ஊருக்குள் ஆள் பிடிப்பது, தீயும் வெடிமருந்தும் கையாளுவது, எல்லாவற்றுக்கும் முன்னால் மன ஒழுக்கம். இந்த மனிதர்கள் பெரும்பாலும் மலைக்கிராமத்தில் நிலம் உழுதவர்கள். கோகா பகுதி மூலிகைக்கும் மருந்துக்கும் பேர் போனது, இன்றைக்கும் அங்கே மருந்துக் கம்பெனிகள் உண்டு. மியே பல்கலைக்கழகம் 2017-ல் நிஞ்சா ஆய்வுக்கென்றே ஒரு மையம் தொடங்கி, 2020-ல் ஒருவருக்கு முதன்முதலாக நிஞ்சா படிப்பில் முதுகலைப் பட்டமும் கொடுத்தது. (அவருக்கு எத்தனை அரியர் இருந்ததோ!) பல்கலைக்கழகம் இவ்வளவு தோண்டி எடுத்த பிறகும், சுற்றுலாக்காரனுக்குக் கொடுப்பது முகமூடியும் நட்சத்திரமும்தான். ஒரு மூலிகையை முகர வைக்கலாம். ஒரு வரைபடத்தைப் பத்து நிமிஷம் பார்க்க வைத்துவிட்டு நினைவிலிருந்து வரையச் சொல்லலாம். எட்டு வயசுப் பிள்ளைக்கு அதைவிட விளையாட்டு வேண்டுமா?

இன்னொரு விஷயம், 'நீர்ச் சிலந்தி'. காலில் வட்ட மரப்பலகை கட்டிக்கொண்டு நிஞ்சா தண்ணீர் மேல் நடப்பாராம். நாம் முதலாமாண்டில் படித்த ஆர்க்கிமிடிஸை இங்கே கொண்டு வருவோம். அறுபது சென்டிமீட்டர் விட்டம், மூன்று சென்டிமீட்டர் தடிமன் உள்ள மரத்தட்டு என்று வைத்துக்கொள்வோம். கன அளவு சுமார் எட்டரை லிட்டர். மரத்தின் அடர்த்தி தண்ணீரில் பாதி என்றால், ஒரு தட்டு தூக்குவது நாலேகால் கிலோ. இரண்டு காலுக்கும் சேர்த்து எட்டரை கிலோ. அறுபது கிலோ ஆள் எங்கே நிற்பார்? குளத்தின் அடியில்தான்! அதனால் சேற்றில் புதையாமல் நடக்கவோ, உட்கார்ந்து மிதக்கவோ பயன்பட்டிருக்கும் என்று சிலர் சொல்கிறார்கள். கோகாவில் ஒரு நிஞ்சா கிராமத்தில் கயிற்றைப் பிடித்துக்கொண்டு குளம் கடக்கும் விளையாட்டு உண்டு, நிறையப் பேர் தொப்பென்று விழுகிறார்கள். எனக்கு இதுதான் பிடித்தது. விழுந்தவன் வீட்டுக்குப் போய் "ஏன் விழுந்தேன்" என்று கணக்குப் போடுவான் பாருங்கள், அதுக்குக் கொடுத்த காசு தகும்.

சாமுராய் சமாச்சாரத்துக்கு வருகிறேன். இது எனக்குக் கொஞ்சம் நெஞ்சைத் தொட்ட சமாச்சாரம். 1588-ல் ஹிதேயோஷி என்ற ஆட்சியாளர் விவசாயிகளிடமிருந்த வாள், ஈட்டி எல்லாவற்றையும் பறிமுதல் செய்ய ஆணை போட்டார். அதற்கப்புறம் பிறப்பால் சாமுராய் ஆனவன் இடுப்பில் இரண்டு வாள், மண்ணைக் கிண்டுகிறவன் கையில் மண்வெட்டி. சுமார் 300 வருஷம் இதே கதி. கடைசியில் 1876-ல் அரசாங்கமே சாமுராய்களும் வாள் தரித்து வெளியே வரக்கூடாது என்று தடை போட்டது.

இன்றைக்கு எந்த நாட்டு, எந்தக் குடும்பத்துப் பிள்ளையும் டிக்கெட் எடுத்து அந்த வாளின் கைப்பிடியைப் பிடிக்கலாம். சின்னப் பிள்ளைக்கு மரவாளோ பஞ்சு வாளோதான் கொடுப்பார்கள், அது சரிதான். "நீ யார் வீட்டுப் பிள்ளை" என்று கேட்பாரில்லை. எங்கள் வீட்டில் எனக்கு முன்னால் யாரும் பத்தாம் வகுப்பைத் தாண்டியதில்லை. பிறப்பைப் பார்த்துக் கொடுத்த ஒரு பொருளை இன்று வரிசையில் நிற்கிற யாருக்கும் கொடுக்கிறார்கள் என்று படிக்கிறபோது, மாறுவேடப் போட்டி என்று சிரித்துவிட்டுப் போக என்னால் முடியவில்லை.

ஆனாலும் வாளைப் பிடிப்பதைவிட, வாள் பிறக்கிற இடம்தான் பார்க்க வேண்டியது. எங்கப்பா கொல்லுப் பட்டறை வைத்திருக்கிறார். அரிவாள், மண்வெட்டி, கொழு எல்லாம் அடிப்பார். துருத்தி ஊதித்தான் எனக்குப் படிப்புச் செலவு. ஊரில் ஒரு வீட்டில் அரிவாள் கொடுக்கப் போனால் திண்ணைக்கு வெளியே நின்றுதான் காசு வாங்க வேண்டும், அது தனிக் கதை. கிஃபு மாநிலத்து செகி என்ற ஊரில் வாள் அடிக்கிற கொல்லர்கள் பரம்பரையாக இருக்கிறார்கள். அங்கே அருங்காட்சியகத்தில் குறிப்பிட்ட நாட்களில் கொல்லர் வெள்ளை உடுத்தி இரும்பு அடிப்பதைக் காட்டுகிறார்கள். ஜனங்கள் வாய்பேசாமல் நின்று பார்க்கிறார்கள். வேறு சில பட்டறைகளில் சுற்றுலாக்காரனே சம்மட்டி பிடித்துச் சின்னக் கத்தி ஒன்று அடித்து வீட்டுக்குக் கொண்டு போகலாம்.

நம்ம மெட்டலர்ஜி பேப்பரில் மார்ட்டென்சைட், பெர்லைட் என்று மனப்பாடம் செய்கிறோமே, அது அந்த வாளில் கண்ணுக்குத் தெரிகிறது. உருக்கை மடித்து மடித்து அடிப்பார்கள். பத்துத் தடவை மடித்தால் 1024 அடுக்கு. பிறகு முதுகுப் பக்கம் களிமண் தடிப்பாகவும் வாய்ப் பக்கம் மெல்லிசாகவும் பூசி, சிவக்கக் காய்ச்சி, தண்ணீரில் முக்குவார்கள். வாய்ப் பக்கம் சட்டென்று குளிர்ந்து மார்ட்டென்சைட் ஆகிறது, முதுகு மெதுவாகக் குளிர்ந்து பெர்லைட் ஆகிறது. மார்ட்டென்சைட்டுக்கு இடம் கூட வேண்டும், அது விரிகிறது. அதனால்தான் அந்த வாளுக்கு அந்த வளைவு! சில சமயம் விரிசல் விட்டு மொத்த உழைப்பும் போய்விடும்.

இந்தப் படத்தை எங்கப்பாவிடம் செல்போனில் காட்டினேன். ரொம்ப நேரம் பேசவில்லை. "களிமண்ணுல என்னடா கலக்குறாங்க?" என்று கேட்டார். கரித்தூளும் சாணைக்கல் தூளும் என்றேன். "அதானே" என்றார். செமஸ்டர் முழுக்க நான் கேட்காத கேள்வி அது.

ஜப்பானில் வாள் கொல்லர் உரிமம் வாங்கக் குறைந்தது ஐந்து வருஷம் உரிமம் உள்ள குருவிடம் இருக்க வேண்டும். உரிமம் வாங்கினாலும் மாதத்துக்கு நீள வாள் இரண்டுதான் செய்யலாம். இந்தக் கணக்கையும் சேர்த்துச் சொல்லிவிட்டு அப்புறம் வெட்டச் சொன்னால், வெட்டுகிற கை கொஞ்சம் மரியாதையோடு வெட்டும்.

"பிள்ளைகளுக்கு ஆயுதம் சொல்லிக் கொடுப்பது நல்லதா?" என்று நம் நண்பி ஒருவர் கேட்டார். நியாயமான கேள்வி. நல்ல பயிற்சிக் கூடத்தில் முதலில் வணங்கச் சொல்லுகிறார்கள், பிறகு வாளை உறையிலிருந்து எடுப்பதும் திரும்பச் செருகுவதும்தான் நெடுநேரம். வெட்டுவது கடைசியில். வந்ததும் உடுப்பு மாட்டி, வாளை உயர்த்தி, 'சீஸ்' சொல்லி, போட்டோ எடுத்து அனுப்பிவிடுகிற கடைகளும் இருக்கின்றன. அங்கே போவதற்கு வாடகைத் துணிக்கடைக்குப் போகலாம்.

நம்மில் சிலர் நாளைக்கு ஜப்பான் போகத்தான் போகிறோம். திறன் பெற்ற தொழிலாளர்களை அனுப்ப இந்தியாவும் ஜப்பானும் 2021-ல் ஒப்பந்தம் போட்டிருக்கின்றன. சம்பாதித்து அப்பா அம்மாவை அழைத்துப் போகிற நாள் வந்தால் என் யோசனை இது: இகாவிலும் கோகாவிலும் தம்பி தங்கைகளை விட்டுவிடுங்கள், விழட்டும், எழட்டும். பிறகு செகிக்கு ரயில் ஏறுங்கள். உலை எரிகிற நாளா என்று முன்கூட்டியே கேட்டு வைத்துக்கொள்ளுங்கள், எல்லா நாளும் எரியாது. நான் போனால் எங்கப்பாவை முன்வரிசையில் உட்கார வைப்பேன். அந்தக் கொல்லரிடம் அவர் கேட்கப்போகிற கேள்விகளை மொழிபெயர்க்க இப்போதே ஹிரகானா எழுதிப் பழகிக்கொண்டிருக்கிறேன்.